முப்பது நாள், ஆறு டிவிஷன்: 1915இல் செர்பியா வீழ்ந்த விதம்

முதல் உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1915 அக்டோபர் 5 அன்று கிரேக்கத் துறைமுகமான சலோனிகாவில் பிரெஞ்சு, பிரிட்டிஷ் வீரர்கள் கரையிறங்கத் தொடங்கினார்கள். செர்பியாவைக் காப்பாற்ற வந்த படை அது. அவர்களை வரச் சொன்னவர் கிரேக்கப் பிரதமர் வெனிசெலோஸ். அவர்கள் கரையேறிய அதே நாளில், மன்னர் கான்ஸ்டன்டைனோடு ஏற்பட்ட மோதலில் அவர் பதவி விலகினார். மறுநாள் பெல்கிரேடு மீது ஜெர்மானிய, ஆஸ்திரியப் பீரங்கிகள் முழு வேகத்தில் சுட ஆரம்பித்தன. 9ஆம் தேதி தலைநகரம் விழுந்தது. இரண்டு மாதம் கழித்துப் பார்த்தால் செர்பிய ராணுவத்துக்கு நிற்பதற்குச் சொந்த மண் இல்லை.

இந்த வீழ்ச்சிக்கு இரண்டு விளக்கங்கள் வழக்கத்தில் இருக்கின்றன. ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, பல்கேரியா என மூன்று நாடுகள் சேர்ந்து அடித்தால் ஒரு சிறிய நாடு என்ன செய்யும் என்பது ஒன்று. நேச நாடுகளான பிரிட்டன், பிரான்ஸ், ரஷ்யா கைவிட்டுவிட்டன என்பது மற்றொன்று. இரண்டிலும் உண்மை உண்டு, இரண்டும் போதாது. ஓராண்டுக்கு முன்புதான் இதே செர்பியா ஒரு வல்லரசின் படையை இருமுறை துரத்தியடித்திருந்தது. நேச நாடுகளும் கையைக் கட்டிக்கொண்டு இருந்துவிடவில்லை, படை அனுப்பின. ஆகவே பார்க்க வேண்டியது கூட்டணிகளின் உள்ளடக்கத்தை. யார் யாருக்கு எதை எழுதிக் கொடுத்தார்கள்? எத்தனை படை? எந்தத் தேதிக்குள்? யார் தலைமையில்? இந்தக் கேள்விகளுக்கு ஒரு தரப்பிடம் ஒரே தாளில் பதில் இருந்தது. மறு தரப்பிடம் அப்படியொரு தாளே இல்லை. செர்பியாவின் விதியைப் பெரிதும் தீர்மானித்தது அந்த வேறுபாடுதான் என்பது என் முடிவு.

வெற்றிகளின் விலை

1914 ஜூலை 28 அன்று ஆஸ்திரியா-ஹங்கேரி செர்பியா மீது போர் அறிவித்தது. ஆகஸ்டில் செர் மலைப் பகுதியில் செர்பியப் படை அதை முறியடித்தது. அந்தப் போரில் நேச நாடுகள் தரப்புக்குக் கிடைத்த முதல் வெற்றி அதுவே. டிசம்பர் 2 அன்று ஆஸ்திரியர்கள் பெல்கிரேடுக்குள் நுழைந்தார்கள். ஆனால் கொலுபரா ஆற்றுப் போரில் செர்பிய ஜெனரல் மிஷிச்சின் எதிர்த்தாக்குதலில் நிலைகுலைந்து, 15ஆம் தேதி நகரத்தை விட்டு வெளியேறினார்கள். அந்த எதிர்த்தாக்குதலுக்குத் தேவையான பீரங்கிக் குண்டுகள் சலோனிகா வழியாகத்தான் வந்து சேர்ந்தன. வர்தார், மொராவா பள்ளத்தாக்குகளின் ஊடே செல்லும் அந்த ரயில் பாதைதான் வெளியுலகத்தோடு செர்பியாவுக்கு இருந்த உயிர்நாடி. பல்கேரிய எல்லை அதற்கு வெகு அருகில் இருந்தது. 1915 ஏப்ரலில் பல்கேரிய ஆயுதக் குழுவினர் எல்லை தாண்டி வந்து வலந்தோவோ அருகே அந்தப் பாதையைத் தாக்கினார்கள். ஆபத்து எங்கிருந்து வரும் என்பது அப்போதே தெரிந்துவிட்டது.

வெற்றியின் பின்னால் டைஃபஸ் வந்தது. பேன்களால் பரவும் இந்தக் காய்ச்சல் 1914-15 குளிர்காலத்தில் கைதிகள், அகதிகள், படைவீரர்கள் என எவரையும் விடவில்லை. இறந்தவர்கள் 1,50,000க்கு மேல் என்பது பொதுவாகச் சொல்லப்படும் மதிப்பீடு. நாட்டின் மருத்துவர்களிலும் பெரும் பங்கினர் மாண்டார்கள். எல்சி இங்லிஸ் உருவாக்கிய ஸ்காட்லாந்துப் பெண்கள் மருத்துவமனைக் குழுவினர் உள்ளிட்ட வெளிநாட்டு மருத்துவர்கள் வந்து உழைத்த பிறகே நோய் தணிந்தது. 1915 கோடையில் செர்பியாவிடம் அனுபவமுள்ள ஒரு ராணுவம் இருந்தது. ஆனால் இழந்த ஆட்களை ஈடு செய்ய மக்கள் இல்லை.

பெயரளவில் நேச நாடு

செர்பியா நேச நாடுகளில் ஒன்று என்று எல்லோரும் சொல்கிறோம். எந்த ஒப்பந்தத்தின்படி? தனித்துச் சமாதானம் செய்துகொள்ள மாட்டோம் என்று 1914 செப்டம்பர் 5 அன்று லண்டனில் கையெழுத்திட்டவை பிரிட்டன், பிரான்ஸ், ரஷ்யா ஆகிய மூன்று மட்டுமே. செர்பியா அதில் இல்லை. ரஷ்யாவின் பாதுகாப்பு என்பது பேரரசின் மனப்போக்கையும் கௌரவத்தையும் சார்ந்திருந்தது. செர்பியா தாக்கப்பட்டால் இத்தனை நாளில் இத்தனை படை வரும் என்று எங்கும் எழுதப்படவில்லை.

கையெழுத்தான ஒப்பந்தங்களில் சில செர்பியாவுக்குக் கேடாகவே இருந்தன. 1914 டிசம்பர் 7 அன்று நீஷ் நகரில், செர்பியர், குரோஷியர், ஸ்லோவீனியர் அனைவரையும் விடுவித்து ஒன்றிணைப்பதே போரின் நோக்கம் என்று செர்பிய அரசு அறிவித்தது. நாலரை மாதம் கழித்து, 1915 ஏப்ரல் 26 அன்று லண்டனில் ஒரு ரகசிய ஒப்பந்தம். இத்தாலியைப் போருக்குள் இழுப்பதற்கு விலையாக அட்ரியாட்டிக் கடலின் டால்மேஷியக் கரையில் பெரும் பகுதியை அதற்குத் தருவதாக மூன்று வல்லரசுகளும் ஒப்புக்கொண்டன. செர்பியா யாருக்காகப் போரிடுவதாக அறிவித்ததோ அதே தென்ஸ்லாவ் மக்கள் வாழும் கரை அது. செர்பியாவைக் கேட்காமலேயே முடிவு செய்தார்கள்.

அடுத்து பல்கேரியா. 1913இல் இரண்டாம் பால்கன் போரில் தோற்று, புக்கரெஸ்ட் உடன்படிக்கையில் மாசிடோனியாவின் பெரும்பகுதியைச் செர்பியாவுக்கும் கிரேக்கத்துக்கும் விட்டுக்கொடுத்த நாடு அது. அந்தக் காயத்தோடு இரு தரப்பிடமும் பேரம் பேசியது. பல்கேரியாவுக்கு மாசிடோனியாவைக் கொடுத்துவிடுங்கள், போர் முடிந்ததும் வேறிடத்தில் உங்களுக்கு நிலம் தருகிறோம் என்று நேச நாடுகள் 1915 கோடை முழுவதும் செர்பியாவை நெருக்கின. பிரதமர் பாஷிச் இழுத்தடித்தார். கடைசியில் அரை மனதாக, நிபந்தனைகளோடு இறங்கி வந்தார்.

அவர் முன்பே விட்டுக்கொடுத்திருந்தால் பல்கேரியா ஒதுங்கியிருக்கும் என்று வாதிடுவோர் உண்டு. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. நேச நாடுகள் தர முன்வந்தது நண்பனின் நிலம். அதைப் பெற நண்பன் இசைய வேண்டும், போர் முடியும்வரை காத்திருக்கவும் வேண்டும். ஜெர்மனி தர முன்வந்தது எதிரியின் நிலம், உடனே எடுத்துக்கொள்ளலாம். அதோடு அந்தக் கோடையில் போர்க்களமும் ஜெர்மனிக்குச் சாதகமாகத் திரும்பியிருந்தது. கோர்லிட்ஸ் போருக்குப் பிறகு ரஷ்யப் படை பின்வாங்கிக்கொண்டே போனது, ஆகஸ்டில் வார்சா விழுந்தது. துருக்கியின் கலிப்போலி தீபகற்பத்தில் நேச நாடுகள் முன்னேற முடியாமல் சிக்கிக் கிடந்தன. எந்தப் பக்கம் சாய்வது என்று கணக்குப் போட்ட பல்கேரிய மன்னர் ஃபெர்டினாண்டுக்கு விடை எளிதாகிவிட்டது.

செர்பியாவுக்கு எழுத்தில் இருந்த பாதுகாப்பு கிரேக்கத்தோடு 1913 ஜூன் 1 அன்று செய்த ஒப்பந்தம். காரணமின்றி ஒருவர் தாக்கப்பட்டால் மற்றவர் முழுப் படையோடு துணை வர வேண்டும். ஆனால் அதிலும் ஒரு நிபந்தனை இருந்தது. பல்கேரியாவுக்கு எதிராகச் செர்பியா 1,50,000 வீரர்களை நிறுத்த வேண்டும். வடக்கே ஆஸ்திரியாவும் ஜெர்மனியும் திரண்டு நிற்கையில் அது நடக்காத காரியம். அதனால்தான் வெனிசெலோஸ், செர்பியா நிறுத்த வேண்டிய அந்த 1,50,000 பேரை நீங்கள் தாருங்கள் என்று பிரிட்டனையும் பிரான்சையும் கேட்டார். அவை சம்மதித்தன. முதல் நாட்களில் சலோனிகாவில் இறங்கியவர்கள் சுமார் 13,000 பேர். கலிப்போலியிலிருந்து களைத்து வந்த ஒரு பிரெஞ்சு டிவிஷனும் (பல ஆயிரம் வீரர்கள் கொண்ட படைப்பிரிவு) ஓர் ஐரிஷ் டிவிஷனுமே அந்தப் படையின் முதல் பகுதி.

பிளெஸ் நகரத்துத் தாள்

1915 செப்டம்பர் 6 அன்று, ஜெர்மானியத் தலைமையகம் இருந்த பிளெஸ் நகரில் ஜெர்மனி, ஆஸ்திரியா-ஹங்கேரி, பல்கேரியா மூன்றும் ஒரு ராணுவ ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டன. ஜெர்மனிக்காக அதன் ராணுவத் தலைமை அதிகாரி ஃபால்கன்ஹைன், ஆஸ்திரியாவுக்காக அதன் ராணுவத் தலைமை அதிகாரி கான்ராட், பல்கேரியாவுக்காக கர்னல் கன்ட்ச்செவ். அதன் சாரத்தைச் சில வரிகளில் சொல்லிவிடலாம். ஜெர்மனியும் ஆஸ்திரியாவும் ஆளுக்கு ஆறு டிவிஷன்களை 30 நாட்களுக்குள் செர்பிய எல்லையில் தயாராக நிறுத்த வேண்டும். பல்கேரியா குறைந்தது நான்கு டிவிஷன்களை 35 நாட்களுக்குள் நிறுத்த வேண்டும். ஒட்டுமொத்தத் தலைமை ஃபீல்ட் மார்ஷல் மக்கென்சனுக்கு. பல்கேரியாவுக்குக் கிடைக்கப்போகும் நிலமும் அன்றே தனியாக எழுதப்பட்டது.

நாட்களை எண்ணிப் பாருங்கள். செப்டம்பர் 6லிருந்து முப்பதாவது நாள் அக்டோபர் 6. அன்றுதான் தாக்குதல் தொடங்கியது. முப்பத்தைந்தாவது நாள் அக்டோபர் 11. பல்கேரியா முறைப்படி போரில் இறங்கியது 14ஆம் தேதி. ஆஸ்திரியாவால் தன் பங்கு டிவிஷன்களை முழுமையாகத் தர முடியவில்லை. எண்ணிக்கை எழுத்தில் இருந்ததால் குறை எவ்வளவு என்பதில் குழப்பம் வரவில்லை, அதை ஜெர்மனி தன் படையிலிருந்து ஈடுகட்டியது. இந்த மூன்று நாடுகளும் ஒன்றையொன்று நேசித்தவை அல்ல. கான்ராடுக்கும் ஃபால்கன்ஹைனுக்கும் இருந்த கசப்பு ஊரறிந்தது. ஆனாலும் வேலை நடந்தது.

ஜெர்மனி இவ்வளவு அவசரப்பட்டதற்குக் காரணம் செர்பியா மீதான கோபம் அல்ல. கலிப்போலியில் போரிட்ட துருக்கியப் படைக்குக் குண்டுகள் போய்ச் சேர வேண்டும். நடுநிலை வகித்த ருமேனியா தன் வழியாக ஆயுதம் செல்ல விடவில்லை. மிச்சமிருந்த வழி செர்பியாவின் வடகிழக்கு மூலையையும் டான்யூப் நதியையும் பெல்கிரேடு-சோஃபியா ரயில் பாதையையும் சார்ந்திருந்தது. ஒரு நாட்டின் தலையெழுத்தை அதன் புவியியல் எழுதியது.

வீணாய்ப் போன இரண்டு வாரம்

செப்டம்பர் மூன்றாம் வாரத்தில் பல்கேரியா படைதிரட்ட ஆரம்பித்தது. ஆயுதமேந்திய நடுநிலை என்று அதற்குப் பெயரிட்டது. யாருக்கு எதிராக என்பதில் செர்பியத் தளபதி புட்னிக்குக்குச் சந்தேகமே இல்லை. பல்கேரியப் படை திரண்டு முடிவதற்குள் நாங்கள் முந்திக்கொண்டு அடித்துவிடுகிறோம் என்று செர்பியா அனுமதி கேட்டது. நேச நாடுகள் கூடாது என்றன. பல்கேரியாவைச் சமாதானப்படுத்திவிடலாம் என்ற நம்பிக்கை லண்டனில் அப்போதும் மிச்சமிருந்தது. கிரேக்க ஒப்பந்தமும் செர்பியா தாக்கப்பட்டால்தான் செல்லும், அது முதலில் தாக்கினால் செல்லாது.

செப்டம்பர் 28 அன்று பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சர் எட்வர்டு கிரே நாடாளுமன்றத்தில் பேசினார். பல்கேரியா எதிரிகள் பக்கம் சேர்ந்தால், எங்கள் பால்கன் நண்பர்களுக்கு எங்களால் இயன்ற எல்லா ஆதரவையும் எந்த ஒதுக்கலும் நிபந்தனையும் இல்லாமல் தருவோம் என்று சொன்னார். அந்தப் பேச்சில் நாளும் இல்லை, எண்ணும் இல்லை. ஆனால் செர்பியர்கள் அதை நம்பினார்கள். அப்போது அரசு நீஷ் நகரிலிருந்து இயங்கியது. நேச நாட்டுப் படையை வரவேற்க நீஷ் வீதிகளில் பிரெஞ்சு, பிரிட்டிஷ் கொடிகளைக் கட்டினார்கள். படை வரவில்லை. நவம்பர் 5 அன்று அந்த ஊருக்குள் நுழைந்தது பல்கேரியப் படை.

முந்திக்கொண்டு தாக்க அனுமதித்திருந்தால் செர்பியா தப்பியிருக்குமா? தப்பியிருக்கும் என்று சொல்ல முடியாது. வடக்கே மக்கென்சன் காத்திருந்தார். ஆனால் ரயில் பாதை இன்னும் சில வாரம் செர்பியர் கையில் இருந்திருக்கும். சலோனிகாவிலிருந்து உதவி வருவதற்கும் வராமல் போவதற்கும் இடையே இருந்த வேறுபாடு அந்தச் சில வாரங்கள்தான்.

போர்

அக்டோபர் 7 அன்று சாவா, டான்யூப் ஆறுகளைக் கடந்து எதிரிப் படை பெல்கிரேடின் கரையில் ஏறியது. நகரின் டோர்சோல் பகுதியில் கரையோரம் சண்டை தெருவுக்குத் தெரு நடந்தது. மேஜர் கவ்ரிலோவிச் அங்கே தன் வீரர்களை வரிசையில் நிறுத்திப் பேசியது இன்றும் செர்பியாவில் பள்ளிப் பிள்ளைகளுக்குத் தெரியும். தலைமையகம் நம் ரெஜிமென்டின் பெயரைப் பட்டியலிலிருந்து அழித்துவிட்டது, பெல்கிரேடின் மானத்துக்காக நம்மைப் பலி கொடுத்தாகிவிட்டது, ஆகவே உங்கள் உயிரைப் பற்றி இனி நீங்கள் கவலைப்பட வேண்டியதில்லை என்றார். மூன்று மணிக்குப் பாய்ந்தார்கள். பெரும்பாலோர் மடிந்தார்கள். கவ்ரிலோவிச் படுகாயத்தோடு பிழைத்தார்.

வடக்கிலிருந்து வந்த அழுத்தத்தைச் செர்பியர்கள் படிப்படியாகப் பின்வாங்கிச் சமாளித்துக்கொண்டிருந்தார்கள். டான்யூப் மீது வீசிய கோஷவா காற்று எதிரியின் பாலங்களைக் கட்டவிடாமல் தாமதப்படுத்தியது, மழையில் பாதைகள் சேறாயின. நாட்டை உடைத்தது கிழக்கிலிருந்து வந்த அடி. 14ஆம் தேதி பல்கேரியா இறங்கியது. அதன் இரண்டாம் படை நேரே வர்தார் பள்ளத்தாக்கை நோக்கிப் போய், 22ஆம் தேதி ஸ்கோப்யேவைப் பிடித்தது. சலோனிகா ரயில் பாதை அறுந்தது. வடக்கே சண்டை போட்டுக்கொண்டிருந்த ராணுவத்தின் முதுகுப்புறக் கதவு மூடப்பட்டுவிட்டது.

ஏதென்ஸில் புதிய அரசு, 1913 ஒப்பந்தம் பால்கன் நாடுகளுக்கிடையிலான போருக்கு மட்டுமே பொருந்தும், வல்லரசுகள் கலந்த பொதுப் போருக்குப் பொருந்தாது என்று விளக்கம் சொன்னது. கிரேக்கம் போருக்கு வந்தால் சைப்ரஸ் தீவையே தருவதாகப் பிரிட்டன் அக்டோபரில் சொல்லிப் பார்த்தது. கிரேக்கம் மறுத்தது. பாரிஸில் வெளியுறவு அமைச்சர் டெல்காசே பதவி விலகினார். லண்டனில், செர்பியாவைக் கைவிட்டதற்காக எட்வர்டு கார்சன் அமைச்சரவையிலிருந்து வெளியேறினார். ஜெனரல் சாராய் தலைமையில் பிரெஞ்சுப் படை வர்தார் நெடுக மேலேறி கிரிவோலாக் வரை வந்தது. அங்கிருந்து செர்பியர்களை எட்டிவிட முயன்றது. இடையில் பல்கேரியர்கள் நின்றார்கள். டிசம்பர் தொடக்கத்தில் பிரெஞ்சுக்காரர்களும் ஐரிஷ் டிவிஷனும் கிரேக்க எல்லைக்குத் திரும்பினார்கள்.

நவம்பர் இறுதியில் செர்பிய ராணுவம் கோசோவோ சமவெளியில் முடங்கியது. மூன்று பக்கமும் எதிரி, நான்காவது பக்கம் பனி மூடிய அல்பேனிய, மாண்டினீக்ரோ மலைகள். சரணடைவதா என்ற கேள்விக்கு 25ஆம் தேதி தலைமையகம் முடிவு சொன்னது. ராணுவம் மலை தாண்டிக் கடலுக்குப் போகும். பீரங்கிகளை உடைத்தார்கள், புதைத்தார்கள். 71 வயது மன்னர் பீட்டர் படைகளோடு மலையேறினார். நோயுற்ற புட்னிக்கை ஒரு பல்லக்கில் வைத்து வீரர்கள் தோளில் சுமந்தார்கள். சிப்பாய்களோடு சிறுவர்களும் குடும்பங்களும் நடந்தார்கள். வழியில் பசி, குளிர், பழங்குடியினரின் தாக்குதல். கடற்கரைக்கு வந்தபோதும் துன்பம் தீரவில்லை. ஷென்ஜின் துறைமுகத்துக்கு உணவு கொண்டு வந்த கப்பல்களை ஆஸ்திரியக் கடற்படை மூழ்கடித்திருந்தது. தெற்கே நடங்கள் என்றார்கள். மறுபடியும் நடந்தார்கள்.

1916 தொடக்கத்தில் பிரெஞ்சு, இத்தாலிய, பிரிட்டிஷ் கப்பல்கள் ஏறத்தாழ 1,50,000 வீரர்களைக் கோர்ஃபு தீவுக்கும் பிற இடங்களுக்கும் ஏற்றிச் சென்றன. கூட்டணி என்ற ஒன்று உண்மையாகவே வேலை செய்தது இந்தக் கட்டத்தில்தான் என்று நினைக்கிறேன். கோர்ஃபுவுக்கு எதிரே உள்ள வீடோ தீவில் நோயாளிகளை இறக்கினார்கள். ஆயிரக்கணக்கில் இறந்தார்கள். புதைக்க இடமில்லாமல் உடல்களைக் கடலில் விட்டார்கள்.

பங்கு பிரிக்கப்பட்ட நாடு

வென்றவர்கள் செர்பியாவை ஒப்பந்தப்படியே பிரித்துக்கொண்டார்கள். மொராவா ஆற்றை ஒட்டி மேற்குப் பகுதி ஆஸ்திரியாவின் ராணுவ ஆளுநரகம், தலைமையிடம் பெல்கிரேடு. கிழக்கும் மாசிடோனியாவும் பல்கேரியாவுக்கு. ரயில் பாதைகளிலும் போர் (Bor) என்னும் ஊரின் செம்புச் சுரங்கத்திலும் ஜெர்மனியின் கை இருந்தது. 1916 ஜனவரி 15 அன்று பெர்லினிலிருந்து கான்ஸ்டான்டினோபிளுக்கு முதல் பால்கன் ரயில் புறப்பட்டது. எதற்காகப் போர் நடந்ததோ அது கைகூடிவிட்டது. தாள் தெளிவாக இல்லாத இடத்தில் வென்றவர்களும் மோதினார்கள். பிரிஷ்டினா, பிரிஸ்ரென் யாருக்கு என்று ஆஸ்திரியாவும் பல்கேரியாவும் கோசோவோவில் சண்டைக்குப் போகும் அளவுக்குக் கடிந்துகொண்டன.

இரு ஆட்சிகளும் வேறு வேறு விதத்தில் கொடியவை. ஆஸ்திரியா, செர்பிய தேசிய உணர்வை அரசியலிலிருந்து துடைக்க நினைத்தது. செர்பியர் எழுதும் சிரில்லிக் எழுத்தைப் பள்ளிகளிலிருந்தும் பொதுவாழ்விலிருந்தும் விலக்கியது. ஆசிரியர், அரசியல்வாதி, அதிகாரி என்று பல்லாயிரம் பேரை மவுட்ஹவுசன், நாட்மெட்யெர் போன்ற முகாம்களுக்கு அனுப்பியது. பல்கேரியாவோ அங்கிருப்பவர்கள் செர்பியரே அல்லர் என்ற நிலையிலிருந்து ஆட்சி செய்தது. செர்பியப் பாதிரியார்களும் ஆசிரியர்களும் நாடு கடத்தப்பட்டார்கள், கொல்லப்பட்டார்கள். சுர்துலிட்சா என்னும் ஊரில் நடந்த கொலைகள் அவற்றில் மிகக் கொடியவை.

தன் ஆட்சியில் இருந்த ஆண்களையும் பல்கேரியா தன் படையில் சேர்க்க முனைந்தபோது பொறுமை உடைந்தது. 1917 பிப்ரவரி இறுதியில் டோப்லிட்சா பகுதி கிளர்ந்தது. கோஸ்டா வோயினோவிச், கோஸ்டா பெச்சானட்ஸ் தலைமையில் சில வாரம் பல ஊர்கள் விடுதலையாக இருந்தன. ஆஸ்திரியாவும் பல்கேரியாவும் சேர்ந்து அதை அடக்கின. ஊர்கள் எரிந்தன, ஆயிரக்கணக்கானோர் மடிந்தார்கள். ஆக்கிரமிக்கப்பட்ட ஐரோப்பாவில் அந்தப் போரின்போது எழுந்த பெரிய ஆயுதக் கிளர்ச்சி இது. இதை வெளியுலகம் இன்றும் போதிய அளவு அறியவில்லை என்பது எனக்கு உறுத்துகிறது.

திரும்பிய படை

கோர்ஃபுவில் தேறிய செர்பிய ராணுவம் 1916 வசந்தத்தில் சலோனிகா போர்முனைக்குக் கொண்டுவரப்பட்டது. செப்டம்பர் இறுதியில் கைமக்சாலான் சிகரத்தைப் பிடித்தது, நவம்பரில் பிட்டோலாவுக்குள் நுழைந்தது. பிறகு இரண்டு வருடம் அசையாத போர். 1918இல் பிரெஞ்சு ஜெனரல் ஃபிரான்ஷே டெஸ்பெரே ஒட்டுமொத்தத் தலைமையை ஏற்றார். திட்டம், தேதி, படைப் பங்கு எல்லாம் முன்கூட்டியே முடிவாகின. செப்டம்பர் 15 அன்று டோப்ரோ போல்யேவில் செர்பிய, பிரெஞ்சு டிவிஷன்கள் பல்கேரிய அரணை உடைத்தன. 29ஆம் தேதி பல்கேரியா போர்நிறுத்தத்தில் கையெழுத்திட்டது. அக்டோபர் 12 அன்று நீஷ், நவம்பர் 1 அன்று பெல்கிரேடு. மூன்றாண்டுக்கு முன் மக்கென்சனுக்கு இருந்த அதே வசதி, அதாவது ஒரே தளபதியும் ஒரே கால அட்டவணையும், இப்போது இந்தப் பக்கம் இருந்தது.

ஒப்பந்தக் கணக்குகள் அதோடு தீரவில்லை. 1919 நவம்பர் 27 அன்று நெய்யி உடன்படிக்கையில் பல்கேரியாவின் படை 20,000 பேராகக் குறைக்கப்பட்டது. எல்லையோர ஊர்களான ட்சாரிப்ரோட், போசிலெக்ராட், ஸ்ட்ரூமிட்சா, செர்பியர், குரோஷியர், ஸ்லோவீனியர் ஒன்றிணைந்த புதிய தென்ஸ்லாவ் அரசுக்குச் சென்றன. ஆனால் செர்பியாவைக் கேட்காமல் 1915இல் இத்தாலிக்கு எழுதிக் கொடுத்த அட்ரியாட்டிக் கரைக்காக அந்த அரசு மேலும் ஓராண்டு வாதாட வேண்டியிருந்தது. 1920 நவம்பரில் ரப்பால்லோவில் முடிவு வந்தது. டால்மேஷியாவின் பெரும்பகுதி தென்ஸ்லாவ் அரசுக்குக் கிடைத்தது. இஸ்ட்ரியாவும் ஜாதர் நகரும் சில தீவுகளும் இத்தாலிக்குப் போயின.